அவர் வரும் வரைக்கும்

கார்த்திகை பத்து, வெள்ளி.

ஷிப்ட் முடிந்து கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்கியதும் வாசலிலேயே வீட்டுக்கார அக்கா பிடித்துக்கொண்டார். அவர் மகள் பிரசவத்துக்கு வருகிறாளாம். நான் குடியிருக்கும் மாடி வேண்டுமாம்.

"நீ குடி வரச்சொல்லோ இன்னா பேசிக்கினோம்? உன் ஊட்டுக்காரரு வர்ற வரைக்கும்னுதான? அவரு எப்பதான் வர்றாரு?"

பேசியது உண்மைதான். அவர் மஸ்கட்டுக்கு வெல்டிங் வேலைக்குப் போன மாதம் அது. ஆறு மாதத்தில் வந்துவிடுவார் என்று நானும் நினைத்தேன், அக்காவும் நினைத்தார். அதனால் தேதி பேசவில்லை, எதுவும் எழுதவில்லை. மூன்று வருடம் ஆகிவிட்டது. போனில் கேட்டால் "பாக்கலாம்" என்கிறார்.

"பொங்கலுக்கு வந்துருவாருக்கா" என்றேன். வாயில் வந்ததைச் சொன்னேன்.

"அப்ப தையில காலி பண்ணிடுவ. சத்தியமா?"

"சத்தியமாக்கா."

இனி வேறு வீடு தேட வேண்டும். அந்தக் கவலைதான் எனக்கு வந்திருக்க வேண்டும். ஆனால் மாடி ஏறியதும் பரணிலிருந்து அவருடைய தலையணையைத்தான் எடுத்தேன். நாளைக்கு வெயில் அடித்தால் காயப்போட வேண்டும்.