மூன்று வீட்டார் எல்லையில் நின்ற மனை

மூன்று திசையில் கடலும் நான்காம் திசையில் நீதியும் காவல் நிற்கும் வெண்காந்தள் நாட்டுக் கோமகள் பொலங்கோதையார் செங்கோல் நீடு நிற்க! அவர்தம் தலைமை அமைச்சர் ஆதனழிசி, கடம்பமுனைப் பட்டினத்து மனையிறைச் சுவடிக் காப்பாளர் கீரன் பொறையனாருக்கு விடுக்கும் ஓலை. உமது ஊரில் மழை பொய்யாதிருக்க. உமது இல்லத்தார் நலமாயிருக்க. உமது கண்பார்வை இனியேனும் தெளிக.

யானைக்கொட்டில் கட்ட நிலம் வேண்டி, மனையுடையார் யாவரும் வரும் முழுநிலவுக்குள் தத்தம் மனையிறை ஏட்டின் படியைப் பெற்றுக் காட்டுக என்றும், காட்டாதார் மனை அரச நிலமாகும் என்றும் ஆணை பிறந்ததை நீர் அறிவீர். அவ்வாணைக்கு அஞ்சி, பாய்மரத் தெருவில் கப்பற்பாய் தைத்துப் பிழைக்கும் எயினன் உமது சாவடிக்கு வந்து படி கேட்டான். நீர் சுவடிக்கட்டை அவிழ்த்துப் பார்த்துவிட்டு, அப்படியொரு மனையே பட்டினத்தில் கிடையாது என்று ஒரே போடாகப் போட்டீர்.

முதல் நாள் எயினன் சத்தம் போட்டானாம். இருபது ஆண்டாக மனைவரி வாங்கிய கை உம்முடையதுதானே என்று கேட்டானாம். நான்காம் முறை வந்தபோது காலில் விழுந்தான். பதினோராம் முறை நீர் கையை விரித்ததும், "சரிங்க" என்று மட்டும் சொல்லிவிட்டு வீடு திரும்பினான். அதன்பின் சோறு வைத்தால் உண்கிறான், வைக்காவிட்டால் கேட்பதில்லை. ஊசியைக் கையில் எடுப்பான். பாயை மடியில் போட்டுக்கொண்டு அப்படியே உட்கார்ந்திருப்பான். கூரை ஒழுகுகிறது, ஏணியை எடுங்கள் என்று மனைவி சொன்னதற்கு, யாருடைய கூரை என்று கேட்டிருக்கிறான். அதில் கோபமோ குத்தலோ இல்லை, உண்மையிலேயே தெரியாதவன் போலத்தான் கேட்டான் என்கிறாள் அவள்.

நேற்று நம் அவைக்கு இருவரும் வந்தனர். பேசியவள் அவன் மனைவி நன்னாகை. வடக்கு வீடு, தெற்கு வீடு, கொல்லைப்புறத்து மேற்கு வீடு ஆகிய மூன்று வீட்டாரிடமும் அவர்கள் பெற்ற படிகளை இரவல் வாங்கி வந்திருந்தாள். வடக்கு வீட்டுக்குத் தென்னெல்லை எயினன் மனை; தெற்கு வீட்டுக்கு வடவெல்லை எயினன் மனை; மேற்கு வீட்டுக்குக் கீழெல்லையும் எயினன் மனையே. மூன்றிலும் எழுத்து உம்முடையது, முத்திரைப் பொறியும் உம்முடையது. "சுத்தி இருக்கிற மூணு வீடும் இருக்குதாம், நடுவுல எங்க வீடு மட்டும் இல்லையாம். அப்போ அந்த மூணும் எது மேல சாஞ்சு நிக்குதுங்க, ஐயா?" என்று அவள் கேட்டாள்.

உடனே ஆளனுப்பி உமது சுவடிக்கட்டை அவிழ்க்கச் செய்தோம். எயினன் ஏடு இருந்த இடத்தில் செல்லரித்த தூள் இருந்தது. அட, இதைச் சொல்ல நாவெழாமலா ஒரு குடும்பத்தைப் பதினோரு முறை அலைக்கழித்தீர்!

எங்கே குடியிருக்கிறாய் என்று எயினனைக் கேட்டோம். அவன் மனைவியைப் பார்த்தான். "சொல்லுங்களேன்" என்று அவள் கெஞ்சியும் சொல்லவில்லை. படி காட்டுக என்ற ஆணையை எழுதியவர் நாம். அவன் முகத்தைப் பார்க்க எமக்கு வெட்கமாயிருந்தது.

ஆகையால் பிறப்பிக்கும் ஆணை: அம்மூன்று எல்லைகளையும் கொண்டு எயினன் மனைக்குப் புது ஏடு எழுதுக, பழைய ஏடு செல்லரித்ததையும் அதில் மறையாது எழுதுக. படியெடுத்துப் பொறியிட்டு, பல்லக்கு ஏறாமல், ஏவலாள் கையிலும் கொடுக்காமல், நீரே நடந்து கொண்டுசெல்க. தெருவில் நின்று, எயினனாரே, உள்ளே வரலாமா என்று கேட்க. நன்னாகை அழைத்தால் போதாது. எயினன் தன் வாயால் "வாங்க" என்று சொல்லும்வரை உமது கால் அவ்வாசற்படியைத் தாண்டலாகாது. அன்று அவன் பேசாவிடில் மறுநாள் போய் நிற்க. மறுநாளும் பேசாவிடில் அதற்கு மறுநாள். அவன் அழைக்கும் நாள்வரை, பாய்மரத் தெருவில் முழுநிலவு எழவில்லை என்றே இவ்வரசு கொள்ளும்.

இரட்டைக் காந்தட்பொறி இட்டோம். கோமகள் ஆணை, ஆதனழிசி கையெழுத்து.