தகரக் குவளையில் பூத்த புதிய இனம்

கொடைக்கானல்,
9-10-1932

மகா மேதையான என் கணவருக்கு,

சென்னை விஞ்ஞானச் சபையில் உங்கள் பேச்சுக்கு நல்ல கைதட்டல் கிடைத்ததாம்; பத்திரிகையில் படித்தேன். புதிய இனம் படிப்படியாக உண்டாவதில்லை, ஒரே தாவலில் பிறக்கிறது என்று முழங்கியிருக்கிறீர்கள். அதற்குச் சாட்சி, நாலு வருடம் முன்பு பூண்டிப் பாதையில் நீங்கள் பறித்த இளஞ்சிவப்புக் காசித்தும்பை.

அன்று நம் மூட்டையைச் சுமந்து வந்த ஒய்யம்மாள் என்ன சொன்னாள்? "இந்த ஓடையில வெள்ளப்பூ, அந்த ஓடையில செவப்புப்பூ. ரெண்டும் சேருற எடத்துல வருசா வருசம் இது பூத்துக் கெடக்குங்க, சாமி." காட்டுக்காரிக்கு என்ன தெரியும் என்று சிரித்தீர்கள்.

நான் சிரிக்கவில்லை. வெள்ளைப் பூவில் சிவப்பின் மகரந்தத்தைத் தடவி, அந்த விதையைத் தகரக் குவளையில் ஊன்றினேன். உங்கள் புதிய இனம் அடுப்படி ஜன்னலில் பூத்தது! அதன் விதையை ஊன்றினால் வெள்ளையும் சிவப்பும் திரும்பி வந்தன. வெறும் கலப்புச் செடி. போன வருடமே உங்களுக்கு எழுதினேன். "சமையலைக் கவனி" என்று ஒரு வரியில் பதில் போட்டீர்கள்.

யாருக்குச் சமைக்க? நீங்கள் இந்த வீட்டுப் படியேறி இரண்டு வருடமாகிறது.

என் குறிப்புகளையும் உலர்த்திய செடிகளையும், சபையில் உங்களோடு வாதாடும் அந்தப் புரொபசருக்கு அனுப்பினேன். நேற்று பதில் வந்தது. அடுத்த கூட்டத்தில் என் பெயரைச் சொல்லியே வாசிக்கப் போகிறாராம்.

அதன் பிறகு, புதிய இனம் என்று அந்தப் பூவுக்கு நீங்கள் சூட்டிய ஒரு பெண்ணின் பெயர் செல்லாது. அவள் யாரென்று நான் கேட்கவில்லை. அவளிடம் நீங்களே சொல்லிவிடுங்கள்.

இப்படிக்கு,
இன்னும் தாலியைக் கழற்றாத
உங்கள் மனைவி