கருப்புக்கு மேல் சிவப்பு

நுகுஅலோஃபா
செவ்வாய்க்கிழமை காலை

அன்பு மகள் லூசியானேவுக்கு அப்பா எழுதுவது. ஆண்டவர் தயவில் இந்த வீட்டில் எல்லாரும் எழுந்து நடமாடிக்கொண்டிருக்கிறோம், பிரிஸ்பேனில் நீயும் மருமகனும் அப்படியே இருக்க வேண்டும் என்று காலை ஜெபத்தில் கேட்டுவிட்டுத்தான் பேனாவை எடுத்தேன். ஃபோனில் பேசினால் பாதியை மறந்துவிடுகிறேன், மீதியைச் சொல்லத் தயங்கி வைத்துவிடுகிறேன். ஆகையால் சொல்ல வேண்டியதை முதலிலேயே வரிசையாகப் போட்டுவிடுகிறேன். அப்பாவுக்கு இன்னும் வாத்தியார் புத்தி போகவில்லை என்று நீ சிரிப்பாய், சிரி.

1. வீட்டு நலம்.
2. பேத்தி லவீனியாவின் தலைமுடி விஷயமாக உன்னிடம் ஓர் அனுமதி.
3. பிளீச் போடாமலே கருமுடியைச் சிவப்பாக்க முடியும் என்பதும், அதற்காக நான் செய்து பார்த்தவையும்.
4. நீ கப்பலில் சாமான் அனுப்பிய டிரம்மில் தவறுதலாக வந்துவிட்ட பொருளைத் திருப்பி அனுப்புகிறேன்.

வீட்டில் குறை சொல்ல ஒன்றும் இல்லை. மருமகள் பெலெனா நியூசிலாந்தில் ஆப்பிள் பறிக்கும் வேலைக்குப் போனவள் நல்லபடியாக இருக்கிறாள், குளிர்தான் ஒத்துக்கொள்ளவில்லையாம், இரண்டு காலுறை போட்டுக்கொண்டு தூங்குகிறாளாம். போன புயலில் தூக்கிக்கொண்ட கூரைத் தகட்டை ஆணி அடித்து இறக்கியாயிற்று. ஈரப்பலா இந்த வருஷம் சீக்கிரமே காய்த்துவிட்டது, தின்று முடியவில்லை, பன்றிகள்கூட முகத்தைத் திருப்பிக்கொள்கின்றன. என் முழங்கால் மழை வருமுன் சொல்லிவிடுகிறது, மற்றபடி சொன்ன பேச்சைக் கேட்கிறது. நீ அனுப்பிய டிரம் துறைமுகத்தில் சிக்காமல் வந்து சேர்ந்தது, டின் மாட்டிறைச்சி, துண்டுகள், சோப்பு, எனக்கு வைத்த கண்ணாடி எல்லாம் பத்திரம். கண்ணாடியைப் போட்டுக்கொண்டுதான் இதை எழுதுகிறேன், அதனால் கையெழுத்து சரியில்லை என்றால் அது கண்ணின் குற்றம் இல்லை.

இனி இரண்டாவது. இதை எப்படித் தொடங்குவது என்று யோசித்து யோசித்து இரண்டு முறை பேனாவை மூடித் திறந்தேன். லவீனியா போனதற்கு முந்தின ஞாயிறோடு அப்பாவுக்காகக் கருப்பு உடுப்பதை நிறுத்தினாள். உன் தம்பி செமிசி போய் ஒரு வருஷம் ஆகிவிட்டது அம்மா. கோயிலுக்கு அவள் வெள்ளைச் சட்டையில் வந்து நின்றபோது நான் பாட்டுப் புத்தகத்தில் பக்கம் தேடிக்கொண்டிருந்தேன். அன்று மதியம் சாப்பிட்ட பிறகு என்னிடம் வந்து, அடுத்த மாதம் நம் தீவின் ரக்பி அணி பிரிஸ்பேனில் ஆடுகிறதே, அன்றைக்குத் தலைமுடியை அணியின் நிறத்தில் சிவப்பாக்கிக்கொள்ளலாமா என்று கேட்டாள். உன் தம்பி ஒவ்வொரு ஆட்டத்துக்கும் என்ன கூத்து செய்வான் என்று உனக்குத் தெரியும், சிவப்புக் கிரேப் தாளைத் தண்ணீரில் நனைத்துத் தலையில் தேய்த்துக்கொள்வான், தாளைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் நிற்பது இவள்தான். மறுநாள் கோயில் பாடகர் குழுவில் காது இரண்டும் ரோஜாப்பூ மாதிரி நிற்பான், போதகர் கண்டும் காணாதது போலப் பாட்டு எண்ணைச் சொல்வார். அவன் இல்லாமல் வரும் முதல் பெரிய ஆட்டம் இது. அவள் கேட்டதற்கு நான் சரி என்றும் சொல்லவில்லை, கூடாது என்றும் சொல்லவில்லை. நம் முறையில் அப்பாவின் அக்காவுக்குத்தான் மேலிடம், உன் தலைக்கு உன் அத்தைதான் சொல்ல வேண்டும், நானும் உன் அம்மாவும் சொல்லி ஆகாது என்றேன். அவள் முகம் விழுந்துவிட்டது. "அத்தை என்கிட்ட பேசுறதே இல்லையே தாத்தா, எப்படிக் கேக்கிறது?" என்றாள். உன் ஃபோன் வந்தால் அவள் பன்றிக்குத் தீனி போடப் போய்விடுகிறாள், நீயும் பன்றி முதல் போதகர் வரை எல்லாரையும் விசாரிக்கிறாய், அவளை மட்டும் விசாரிப்பதில்லை. இரண்டு பேருக்கும் நடுவில் நான் ரிசீவரைப் பிடித்துக்கொண்டு மழையைப் பற்றிப் பேசுகிறேன்.

அடக்கத்தன்று நடந்ததை இதுவரை நான் எடுத்துப் பேசியதில்லை. இப்போது எழுதுவது சரியா என்று தெரியவில்லை, ஆனால் எழுதாமல் இந்த அனுமதியைக் கேட்க முடியாது. இறந்தவனின் பிள்ளைக்கு முடி வெட்டுவது அத்தையின் கை செய்ய வேண்டியது, நீ செய்தாய். இடுப்பு வரை இருந்த பின்னலைக் கழுத்தோடு எடுத்தபோது நீ கத்தரிக்கோலை இரண்டு முறை கீழே வைத்துவிட்டு எடுத்ததை நான் பார்த்தேன், அவள் பார்க்கவில்லை, குனிந்திருந்தாள். நிமிர்ந்ததும் எல்லார் முன்னாலும் கேட்டுவிட்டாள், "எங்க எல்லாருக்கும் முடி போச்சு, உங்க முடி மட்டும் அப்படியே இருக்கே அத்தை" என்று. துக்கத்துக்குக் கிழிந்த பாயை இடுப்பில் கட்டிக்கொண்டு கீழே உட்கார வேண்டியவர்கள் நாங்கள், அவன் தலைமாட்டில் உயரத்தில் உட்கார வேண்டியவள் நீ, உன் முடியில் கத்தரி படக் கூடாது என்பதும் முறைதான். அவள் சின்னப் பெண், முறை தெரிந்தாலும் அந்த நேரத்தில் தெரியவில்லை. உனக்கு என்று துக்கச் சீராக வந்த பாய்களையும் துணிகளையும் எல்லாருக்கும் பங்கு வைத்துக் கொடுத்துவிட்டு, செமிசியின் பழைய ஆட்டச் சட்டை ஒன்றை மட்டும் கேட்டு வாங்கிக்கொண்டு விமானம் ஏறினாய். உயரத்தில் உட்கார வைத்துவிட்டால் அழுவதற்கும் இடம் இல்லாமல் போகிறது என்று எனக்கு அன்று தோன்றியது.

மூன்றாவது. உன் முன்னால் வெறும் வேண்டுகோளாக வைக்காமல் விவரத்தோடு வைக்க வேண்டும் என்று இந்த ஆராய்ச்சியில் இறங்கினேன். சந்தைக்கு எதிரே சலூன் வைத்திருக்கும் ஃபிபி உனக்கு நினைவிருக்கும், என்னிடம் வேதியியல் படித்து இரண்டு முறை தோற்றவள், இப்போது ஊரில் பாதித் தலை அவள் கையில்தான். பிளீச் போட்டுக் கருப்பை எடுத்துவிட்டால் எந்த நிறமும் கண்ணைப் பறிக்கும் என்றாள். லவீனியா வேண்டவே வேண்டாம் என்று நின்றுவிட்டாள். எரியும் என்ற பயமா என்று கேட்டேன். "அது இல்ல தாத்தா. இந்த முடி அப்பா போனதுக்கு அப்புறம் வளர்ந்தது. கருப்பை எடுக்கக் கூடாது, கருப்புக்கு மேலதான் சிவப்பு உக்காரணும்" என்றாள். ஃபிபி இடுப்பில் கையை வைத்துக்கொண்டு, "பிளீச் இல்லாம நல்ல சிவப்பா? அதுக்குள்ள எனக்கே கல்யாணம் ஆயிடும் சார்" என்றாள், சொன்னாளே தவிர வெட்டி விழுந்த கருமுடி ஒரு பை நிறையக் கொடுத்துதான் அனுப்பினாள். ஆனால் ஊர்த் தலைகளின் முடி ஒரே மாதிரி இல்லை, சிலது ஏற்கெனவே சாயம் கண்டது, அதை வைத்து எந்த முடிவுக்கும் வர முடியவில்லை. கடைசியில் லவீனியாவே உள்ளே போய்த் தன் பழைய பின்னலில் பெலெனா எடுத்து வைத்திருந்த துண்டைக் கொண்டுவந்தாள், நீ வெட்டியதுதான். வேண்டாம் என்றேன். "சும்மா பெட்டியில கிடக்கிறதுக்கு எனக்கு உதவட்டும்" என்றாள்.

பவழச் சுண்ணாம்பை முதலிலேயே தள்ளினேன், அந்தக் காலத்தில் அதைப் பூசித்தான் முடியைச் செம்பட்டையாக்கினார்கள் என்றாலும் அதுவும் கருப்பை அழிப்பதுதான். மஞ்சள் கருமுடியில் பட்டதாகவே தெரியவில்லை, என் விரல்தான் மஞ்சளாயிற்று. டின் பீட்ரூட் சாறு ஈரமாக இருக்கும்போது ஆசை காட்டியது, காய்ந்ததும் கை விட்டது. பீட்ரூட்டாக வாங்கிக்கொண்டு போகிறேன் என்று மாலையில் கூடிக் கவா வேர்ச்சாறு குடிக்கும் கூட்டத்துக்குச் செய்தி போய், "ஃபெலெட்டி ஐயாவுக்குப் பொண்ணு பாத்திருக்காங்க, நரையை மறைக்கணுமாம்" என்று ஒருவன் சொல்ல, என் பதிலுக்கு எல்லாரும் காத்திருந்தார்கள், நான் என் பங்குக் கவாவைக் குடித்துவிட்டு எழுந்து வந்தேன். கிரேப் தாள் செமிசிக்குச் செய்ததையே செய்தது, நல்ல சிவப்பு, ஆனால் தொட்ட இடமெல்லாம் சிவப்பு. ஃபிஜி இந்தியர் கடையில் மருதாணித் தூள் வாங்கிச் சனிக்கிழமை பிசைந்து பூசி வைத்தேன், ஓய்வுநாளான ஞாயிற்றுக்கிழமை அதைக் கழுவினால் வேலை செய்ததாகுமே என்று பயந்து திங்கள்வரை அப்படியே விட்டுவிட்டேன், அதனாலோ என்னவோ வெயிலில் பிடித்தால் செம்பு மாதிரி ஒரு மின்னல் தெரிகிறது. நிழலில் கருப்புதான். ஆக, இதுவரை மருதாணிதான் தேறியிருக்கிறது. கருமுடியில் மஞ்சள் எடுபடாது, சிவப்புக்கு மட்டும் வழி இருக்கிறது என்பது என் முடிவு. நீ சரி என்றால் மருதாணியையே இன்னும் இரண்டு சுற்றுப் பூசிப் பார்க்கலாம். வேண்டாம் என்றால் அவளிடம் நானே சொல்லிக்கொள்கிறேன், நீ சொன்னதாகச் சொல்ல மாட்டேன்.

நான்காவது. உன் டிரம்மின் அடியில், துண்டுகளுக்குக் கீழே, ஏதோ ஒரு பழைய சிவப்புத் துணியில் சுற்றி இரண்டு பெட்டிகள் இருந்தன. தலைச்சாயம், கருமுடிக்கென்றே செய்தது, பிளீச் தேவையில்லை என்று மேலேயே போட்டிருக்கிறது. உனக்கென்று வாங்கியதை அவசரத்தில் இதில் கட்டிவிட்டாய் என்று நினைக்கிறேன். பெட்டியில் உள்ள சின்ன எழுத்து முழுவதும் படித்துவிட்டேன், ஆனால் திறக்கவில்லை. லவீனியா கண்ணில் பட்டால் ஆசைப்படுவாள், உன் பொருளை உன்னைக் கேட்காமல் தொட்டதாகிவிடும் என்று என் சட்டைகளுக்கு அடியில் ஒளித்து வைத்தேன். போதகரின் மனைவி வியாழக்கிழமை பிரிஸ்பேனுக்கு விமானம் ஏறுகிறாள், இந்தக் கடிதத்தோடு அந்த இரண்டும் அவள் கையில் வந்துசேரும். சுற்றியிருந்த துணியை மருதாணிக் கிண்ணம் துடைக்கலாமே என்று வாசல் கொடியில் போட்டுவைத்தேன்.

இதுவரை எழுதிவிட்டுத் தேநீர் போடப் போனேன். திரும்பி வந்தால் லவீனியா வாசற்படியில் உட்கார்ந்திருக்கிறாள், மடியில் அந்தத் துணி. கிண்ணம் கழுவ எடுக்கப் போனவள் அதை விரித்துவிட்டாள். "தாத்தா, இது எங்கேர்ந்து வந்துச்சு?" என்றாள், சொன்னேன். கழுத்துப் பட்டையைத் தூக்கிக் காட்டினாள், பின்பக்கம் தையல் விட்ட இடத்தில் பெலெனா நீல நூல் போட்டுத் தைத்தது அப்படியே இருக்கிறது. "இது அப்பா சட்டை தாத்தா. அத்தை கொண்டுபோனது." பெட்டியின் சின்ன எழுத்தையெல்லாம் படித்த நான் சுற்றியிருந்ததைப் பார்க்கவில்லை அம்மா, நீ வாங்கி அனுப்பிய கண்ணாடியைப் போட்டுக்கொண்டே பார்க்கவில்லை. அந்தச் சட்டையை நீ தவறுதலாக எதிலும் கட்ட மாட்டாய் என்று எனக்குப் புரிய அவ்வளவு நேரம் ஆயிற்று. அவள் கேட்குமுன்பே நீ அனுப்பிய பதில் இது என்று அவளுக்கு உடனே புரிந்துவிட்டது. வெகுநேரம் முகத்தை அதில் வைத்துக்கொண்டிருந்தாள், நான் தேநீரை ஆற விட்டுவிட்டுப் பக்கத்தில் நின்றேன்.

பிறகு ஒளித்து வைத்த இரண்டையும் எடுத்துவந்து கொடுத்தேன். அதில் கொஞ்சம் பெராக்சைடு இருக்கிறது, கருப்பைக் கொஞ்சம் இளக்கும், பிளீச் இல்லை என்று எழுதியிருப்பது முழு உண்மை ஆகாது, அதையும் அவளிடம் சொல்லிவிட்டேன், மறைக்க மனம் வரவில்லை. பெட்டியைத் திருப்பிப் பார்த்துவிட்டு, "கதவைத் தட்டுறது வேற, உடைக்கிறது வேற தாத்தா, இது தட்டுறதுதான்" என்றாள். பின்னல் துண்டில் ஒரு கற்றைக்குப் போட்டுப் பார்த்தோம். நிழலிலேயே சிவப்பு அம்மா, செம்பருத்தி மாதிரி, கையில் ஒட்டவும் இல்லை. ஃபிபியின் கல்யாணத்துக்கு நாள் பார்க்கச் சொல்ல வேண்டும்.

மாத்திரையை வேளை தவறாமல் போட்டுக்கொள், இரவு வேலை முடிந்து காரோட்டும்போது கண் அயரப் போகிறது, ஜன்னலைத் திறந்து வைத்துக்கொள். மருமகனுக்கு என் அன்பைச் சொல். ஆண்டவர் உன்னைத் தம் உள்ளங்கையில் வைத்துக் காக்கட்டும், நீ பட்டதற்கெல்லாம் அவர் கணக்கு வைத்திருக்கிறார்.

கடைசியாக ஒன்று. மாணவர்களிடம் தவறான விடையைக் கிழிக்காதே, ஒரு கோடு போட்டுவிட்டுக் கீழே சரியானதை எழுது என்று சொல்லிக்கொண்டிருந்தவன் நான், அதனால் முதல் தாளைக் கிழிக்கவில்லை. நான்காவதாக நான் எழுதியது தவறு. அது தவறுதலாக வந்த பொருள் இல்லை, இரண்டும் திரும்பி வரவும் இல்லை, ஒன்றுதான் வருகிறது. தோள் வரை உள்ள முடிக்கு ஒன்று போதும், இது அத்தைக்கு என்று லவீனியா தன் கையால் கட்டிக் கொடுத்தாள். இடுப்பு வரை இருக்கும் உன் முடிக்கு ஒரு பெட்டி எப்படிப் போதும் என்று நான் கணக்குக் கேட்டேன். முழுக்க வேண்டாமாம். அன்றைக்கு உன்னையும் வெட்ட விட்டிருந்தால் எவ்வளவு கீழே விழுந்திருக்குமோ, அந்த அளவுக்கு மட்டும் போட்டுக்கொள்ளச் சொன்னாள். ஆட்டத்தன்று காலை நீ ஃபோன் செய், எடுப்பது அவளாக இருக்கும்.

என்றும் உன் தகப்பன்
ஃபெலெட்டி