ஞாயிற்றுக்கிழமைக் காட்சி

யாழ்ப்பாணம்
10.06.2025

அன்புள்ள மில்ரன் அண்ணாவுக்கு,

சுகமா? ஃபோனில் என் நம்பரை நீங்கள் மறித்து வைத்திருப்பதால் மீன் லொறி ஓட்டும் கலந்தர் நானாவிடம் இதைக் கொடுத்துவிடுகிறேன். இரண்டு வருடக் கோபத்தை, வாசித்து முடிக்கும்வரை தள்ளி வையுங்கள்.

எங்கள் பேசாலையில் எடுத்த என் முதல் படம் வெள்ளிக்கிழமை இங்கே தியேட்டருக்கு வந்தது. திங்கட்கிழமை யாரோ அதைத் திருடி இணையத்தில் போட்டுவிட்டார்கள். அன்றே பாதிக் கதிரைகள் காலி. ஞாயிறும் இப்படியென்றால் படத்தைத் தூக்கிவிடுவேன் என்கிறார் தியேட்டர் முதலாளி. இங்கே தூக்கினால் வேறு எந்தத் தியேட்டரும் தொடாது.

நீங்கள் நடத்தும் கேபிள் டீவியில் களவாகப் புதுப்படம் ஓடுவது ஊருக்கே தெரியும். அதற்காகத்தான் அன்று சொந்தக்காரர் முன்னால் உங்களைக் கள்ளன் என்றேன். இப்போது கெஞ்சிக் கேட்கிறேன், இதை மட்டும் போடாதீர்கள்.

தங்கச்சி ஜெயனி


பேசாலை
11.06.2025

தங்கச்சிக்கு,

கள்ளன் எழுதுகிறேன். உன் கடிதத்துக்கு முதலே படம் என் கொம்பியூட்டருக்கு வந்துவிட்டது. விடிந்தால் படத்தைப் போடச்சொல்லி வாசலில் ஆட்கள். படத்தில் படகுகள் வைத்திருக்கும் சம்மாட்டியாக நடித்த அம்புறோஸ் மாமா இரண்டு தரம் வந்துபோனார். எடித் மாமி, "எங்கட முகத்தை நாங்கள் பாக்கிறது களவோ?" என்று கேட்டா.

இருபது நாள் நடிக்கச்சொல்லி அவர்களை வெயிலில் நிறுத்தினாய். படம் வருகிறது, வாங்கோ என்று ஒரு வார்த்தை சொன்னாயா? ஞாயிறு போடுவதாக நான் சொல்லிவிட்டேன்.

மில்ரன்


யாழ்ப்பாணம்
12.06.2025

அன்புள்ள அண்ணாவுக்கு,

வாசித்ததும் வெட்கமாகப் போய்விட்டது. முதல் நாளுக்கு யார் யாருக்கோ அழைப்பு அனுப்பினேன், அம்புறோஸ் மாமாவை மறந்துவிட்டேன். சாட்டுச் சொல்ல ஒன்றுமில்லை.

ஞாயிறு பகல் காட்சிக்கு எல்லோரையும் கூட்டிக்கொண்டு வருவீர்களா? பஸ் அனுப்புகிறேன். அவர்கள் தங்கள் முகத்தைப் பெரிய திரையில்தான் பார்க்க வேண்டும். மாமியிடம் நான் மன்னிப்புக் கேட்டதாகச் சொல்லுங்கள். எனக்குப் பயமாக இருக்கிறது, அண்ணா.

ஜெயனி


யாழ்ப்பாணம்
16.06.2025

என் அண்ணாவுக்கு,

நான் அனுப்பியது ஒரு பஸ். நீங்கள் பூசை முடிந்த கையோடு இரண்டு பஸ் நிறையக் கொண்டுவந்து இறக்கினீர்கள். மாமா திரையில் வந்ததும் மாமி எழும்பி நின்று விசிலடித்தாவே, அந்தக் கதை பரவிப் பின்னேரக் காட்சியும் நிறைந்துவிட்டது. இன்னும் இரண்டு கிழமை ஓடட்டும் என்றார் முதலாளி. வவுனியாத் தியேட்டரிலிருந்தும் படத்தைக் கேட்டிருக்கிறார்கள். ஒரு கிழமைக்குப் பிறகு நேற்றுத்தான் நிம்மதியாகச் சாப்பிட்டேன்.

ஒன்றுதான் மனதை உறுத்துகிறது. இடமிருந்தும் நீங்கள் கடைசி வரிசைக்குப் பின்னால் நின்றுகொண்டே இருந்தீர்கள். முடிந்ததும் சொல்லாமல் பஸ் ஏறிவிட்டீர்கள். படம் பிடிக்கவில்லையா? கோபம் ஆறவில்லையா?

ஜெயனி


பேசாலை
17.06.2025

அன்புத் தங்கச்சிக்கு,

கோபம் உன்னிடம் வரும் வழியில் மன்னார்ப் பாலம் தாண்டும்போதே போய்விட்டது. சொல்லாமல் வந்தது வெட்கத்தில். நீ அன்று சொன்னது சரிதானே. என்னிடமிருந்த பிரதியைச் சனிக்கிழமையே அழித்துவிட்டேன், பார்க்கவில்லை. கேபிளில் இனி எதைப் போடுவது என்பது பெரிய தலையிடி, அதை ஆறுதலாகப் பேசுவோம்.

நின்றதற்குக் காரணம் வேறு. படம் தொடங்கியதுமே எங்கள் ஆட்கள் ஃபோனைத் தூக்கித் திரையைப் படம் பிடிக்கத் தொடங்கிவிட்டார்கள். ஒவ்வொருவரிடமாகப் போய் "உள்ள வையுங்கோ" என்று சொல்லி முடிக்கவே இடைவேளை. பிறகும் நம்பி உட்கார முடியவில்லை. இருட்டில் எங்கே வெளிச்சம் தெரிகிறது என்றுதான் கடைசிவரை பார்த்துக்கொண்டு நின்றேன். இந்தக் களவு வேலை எப்படி நடக்கும் என்று அங்கே என்னைவிடத் தெரிந்தவர் யார்?

அதனால் உன் படத்தை நான் இன்னும் பார்க்கவில்லை. அடுத்த ஞாயிறு தனியாக வருகிறேன். உனக்குப் பக்கத்தில் ஒரு கதிரை பிடித்து வை.

அண்ணா மில்ரன்