குகனுக்காக நீங்கள் எழுதி, பாடாமல் விட்ட பாட்டு

அன்பின் டெக்லன் அண்ணை,

நீங்கள் கண்ணை மூடி மூன்று மாதமாகிறது. உங்களுக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது. ஆனாலும் இதைப் பிரெஞ்சில் எழுத எனக்கு மனம் வரவில்லை.

எங்கள் கடைகள் நிறைந்த லா சப்பலில் உங்களைத் தெரியாத தமிழர் குறைவு. மரக்கறிக் கடைக்கு மேலே நாலாம் மாடியில் இருக்கிற வெள்ளைக்காரர், கித்தாரோடு வந்து வடை வாங்குகிறவர், அவ்வளவுதான் அவர்களுக்கு. எனக்கும் வெகுநாள் அவ்வளவுதான். நீங்கள் வெள்ளிக்கிழமைகளில் பாடும் ஐரிஷ் பாரில் நான் உள்ளே கோப்பை கழுவிக்கொண்டிருந்தேன்.

பிறகுதான் ஒவ்வொன்றாகச் சொன்னீர்கள். உங்கள் ஊர் ஐரிஷ் நாட்டு மேற்குக் கடலோரத்தில் ஒரு மீன்பிடித் துறை. அப்பா படகோடு காணாமல் போனார், உடல் கிடைக்கவில்லை. பதினேழு வயதில் லண்டனுக்குக் கட்டட வேலைக்குப் போய், சீமெந்துப் பைக் கடதாசியில் அவருக்காக முதல் பாட்டை எழுதினீர்கள். வேறொருவர் அதைப் பாடிப் புகழ்பெற்றார். இன்று உங்கள் நாட்டுச் செத்தவீடுகளில் அதைப் பாடுகிறவர்கள் யாரோ அந்தக் காலத்தில் கட்டிய பாட்டென்று நினைக்கிறார்களாம். அதில் உங்களுக்கு ஒரு பெருமைகூட இருந்தது.

உங்கள் அப்பாவின் கதையைக் கேட்டபிறகுதான் என் அண்ணன் குகனைப் பற்றிச் சொன்னேன். சண்டைக் காலத்தில் சைக்கிளில் போனவன் திரும்பி வரவில்லை. எங்கள் ஊர் சுதுமலையில் அம்மா இன்னும் கதவு பூட்டாமல் அவனைப் பார்த்துக்கொண்டிருக்கிறா.

இரண்டு கிழமைக்குப் பிறகு, கழுவிக்கொண்டிருந்த எனக்கு உங்கள் பாட்டுக்குள் அண்ணனின் பெயர் கேட்டது. ஈரக்கையோடு வெளியே வந்தேன். எல்லோரும் தலை குனிந்திருந்தார்கள். எனக்கு அந்த இங்கிலீஷ் விளங்கவில்லை. செத்தவனுக்குப் பாடும் ஒப்பாரி என்றே நினைத்தேன். கோபத்தில் பிரெஞ்சு வரவில்லை, தமிழில்தான் சொன்னேன்: “எங்கடை வீட்டிலை ஒருத்தரும் சொல்லாததை நீங்கள் ஏன் பாடினனீங்கள்?”

உங்களுக்கு ஒரு சொல்லும் விளங்கியிருக்காது. ஆனால் அதற்குப் பிறகு நீங்கள் அதைப் பாடவேயில்லை. நான் வேலையை விட்டுச் செவ்ரான் புறநகருக்குப் போனேன். லா சப்பல் தெருவில் கண்டால் தலையசைப்பு, அவ்வளவுதான். உங்களுக்குத் தொண்டையில் சத்திரசிகிச்சை செய்து குரல் போனபின் ஆஸ்பத்திரிக்கு வந்தேன். ஒரு தோடம்பழத்தை உரித்து வைத்துவிட்டு, ஒன்றும் பேசாமல் திரும்பிவிட்டேன். என்ன பெருமையோ எனக்கு.

போன மாதம் உங்கள் மகள் நீவ், நீங்கள் பாட்டெழுதும் கொப்பியோடு வீட்டுக்கு வந்தா. குரல் போகமுன், உங்கள் கடைசி இசைத்தட்டில் அந்தப் பாட்டைச் சேர்க்கக் கம்பனிக்காரர் கேட்டார்களாம், நீங்கள் மறுத்ததால் இசைத்தட்டே நின்றுபோனதாம். கொப்பியில் அந்தப் பாட்டுக்கு மேலே, சிவாவிடம் கேட்காமல் ஒருவரும் பாடக்கூடாது என்று என் பெயர் போட்டு எழுதியிருந்தீர்கள்.

இங்கிலீஷ் தெரிந்த என் மகள் ஆரணி வாசித்தாள். எப்போதும் பிரெஞ்சில் பதில் சொல்கிற பிள்ளை, அன்று தமிழில் சொன்னாள்.

“அப்பா, இதிலை பெரியப்பா செத்ததெண்டு ஒரு இடமும் இல்லை. அப்பம்மா கதவு பூட்டாமல் இருக்கிறா எண்டுதான் இருக்கு.”

இதை ஏன் அண்ணை எனக்குச் சொல்லவில்லை? நான் கேட்டிருந்தால் சொல்லியிருப்பீர்களா?

அம்மாவைத் தொலைபேசியில் எடுத்து, ஆரணி வரிவரியாகத் தமிழில் சொன்னாள். முடிந்ததும் அம்மா, எழுதினவர் இருக்கிறாரோ என்று கேட்டா. இல்லை என்றேன்.

“அப்ப மற்ற ஆக்களெண்டாலும் பாடட்டும் மோனை. என்ரை பிள்ளையின்ரை பெயரை நாலு சனம் கேக்கட்டும்.”

அடுத்த கிழமை நீவ் அதைப் பாடிப் பதிவுசெய்கிறா. நீங்கள் ‘கூகன்’ என்றுதான் பாடினீர்கள், அண்ணை. நீவும் அப்படித்தான் சொல்கிறா. பதிவுக்கு நான் கூடப் போகிறேன். குகன் என்று சரியாக வரும்வரை பக்கத்தில் நின்று சொல்லிக்கொடுப்பேன். இனி யார் பாடினாலும் அவன் பெயர் பிழையாக வராது. அது என் பொறுப்பு.

உங்கள் தம்பி,
சிவா