இருபத்தொன்றாவது நிமிடம்

அன்புள்ளவனே,

போனை நீ எடுப்பதில்லை, அதனால் எழுதுகிறேன். சனிக்கிழமை ஃபுட்பால் மேட்சுக்கு நான் மட்டும் போனேன். உன் சீட்டில் என் பையை வைத்துவிட்டு, நம் மகன் டெக்லனின் சீட்டில் உட்கார்ந்தேன்.

உன் அப்பா இறந்தபோது, அவர் வயதுக் கணக்குப்படி ஆட்டத்தின் எழுபத்துநான்காவது நிமிடத்தில் மைதானமே எழுந்து கைதட்டியது நினைவிருக்கிறதா? நம் பிள்ளைக்கு இருபத்தொன்றிலேயே தட்டிவிட்டார்கள். எதிரணிக்காரர்களும் எழுந்து தட்டினார்கள். எனக்குத்தான் கை எழவில்லை.

ஒரே நிமிடம். எல்லோரும் உட்கார்ந்த பிறகும் நான் நின்றுகொண்டே இருந்திருக்கிறேன். பின்னாலிருந்து ஒருவன் கத்தினான்: "உக்காரும்மா, மறைக்குது! கார்னர் அடிக்கப்போறான்!"

உட்கார்ந்துவிட்டேன். அவன்மேல் எனக்குக் கோபமே வரவில்லை. டெக்லன் இருந்திருந்தால் அவனும் இப்படித்தான் கத்தியிருப்பான்.

உன் மனைவி