சசிதரின் ஐந்து ஆட்டங்கள்

2025 ஜனவரி 11, சனி
காலையிலிருந்து பல் வலி. மாத்திரை போட்டுக்கொண்டு, பத்திரிகைக்குச் செய்தி எழுத மைதானத்துக்குப் போனேன். பேஸ்பால் லீக் இன்று தொடங்கியது. இங்கே சம்பளம் கொடுத்து ஆட வைக்கும் முதல் லீக். ஆறு அணி. பார்க்க வந்தவர்கள் நூற்றறுபது பேர். பாதிப் பேர் ஆட்டக்காரர்களின் சொந்தக்காரர்கள்.

கோவை அணிக்குப் பந்து எறிபவன் சோமனூர் சசிதர், வயது 23. அப்பா பாலுசாமி விசைத்தறி ஓட்டுகிறார். எதிரணியில் ஏழு பேரை மட்டையில் பந்து படாமலே வெளியே அனுப்பினான். பக்கத்தில் இருந்தவர் கேட்டார்: "ஏனுங்க, இந்தப் பையன் பந்தைக் குத்தியே போட மாட்டேங்கறானே?" ஆட்டமே அப்படித்தான் என்றேன். "அப்ப ஸ்டம்பு எங்கீங்க?"

ஜனவரி 15, புதன்
மாட்டுப் பொங்கல். பல் டாக்டர் ஊரில் இல்லை.

ஜனவரி 19, ஞாயிறு
கோவை அணியின் பயிற்சியாளர் பஷீர் ஆட்டம் முடிந்ததும் என்னிடம் வந்தார். "அண்ணே, எங்ககிட்ட எண்ண ஆளே இல்ல. இனி உங்க நோட்டுதான் எங்களுக்கு." எறியும் ஒவ்வொரு பந்துக்கும் ஒரு கோடு போடுவது என் வழக்கம். ஒரு ஆட்டத்தில் நூறைத் தாண்டியவன் அடுத்த நான்கு நாள் எறியக் கூடாது, முழங்கை போய்விடும். லீக் விதி அது. நூறுக்குள் என்றால் ஒரு நாள் ஓய்வு போதும்.

இன்று 83. சொன்னேன்.

ஜனவரி 30, வியாழன்
நான்காவது ஆட்டம். ஜெயித்தார்கள். சனிக்கிழமை அரையிறுதி.

ஆட்டம் முடிந்ததும் பஷீருக்கு முன்னால் சசிதர் வந்துவிட்டான். "அண்ணா, சனிக்கிழமை துபாய் லீக்ல இருந்து ரெண்டு பேரு பார்க்க வாராங்க. அன்னிக்கு மட்டும் என்னைய உட்கார வெச்சுப்போடாதீங்க."
"கை வலிக்குதா?"
"துளிகூட இல்லீங்க."
சொல்லிக்கொண்டே, எறியும் வலது கையைத் தூக்காமல் இடது கையால் முகத்தைத் துடைத்தான். அதைப் பார்த்தேன். பார்க்காமல் இல்லை.

பஷீர் வந்தார். "எத்தனைண்ணே?"
"தொண்ணூத்தி நாலு."

நோட்டில் இருப்பது 118. செய்தியிலும் 94 என்றே எழுதிக் கொடுத்தேன். முப்பத்தொரு வருடத்தில் ஒரு எண்ணையும் நான் மாற்றியதில்லை. இப்போது எதற்கு? இந்த ஊரிலிருந்து ஒருவன் போகட்டும் என்றா? அந்தச் செய்தியை நான் எழுத வேண்டும் என்றா?

பிப்ரவரி 1, சனி
அரையிறுதியில் மூன்றாவது சுற்று (இன்னிங்ஸ்). ஒரு பந்து பாதித் தூரத்திலேயே தரையில் விழுந்தது. சசிதர் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டான்.

துபாய்க்காரர்கள் அடுத்த சுற்றுக்கு இருக்கவில்லை.

பிப்ரவரி 3, திங்கள்
முழங்கையில் ஜவ்வு கிழிந்திருக்கிறது. சாப்பிடலாம், வண்டி ஓட்டலாம். பழைய வேகத்தில் எறிய முடியாது என்கிறார் டாக்டர். ஐந்து ஆட்டம், இருபத்தொன்பது சுற்று. எல்லாம் இருபத்திரண்டு நாளில்.

ஆஸ்பத்திரி வராந்தாவில் பஷீர் அழுதார். "தொண்ணூத்தி நாலுதானேண்ணே போட்டான்? அதுக்கே எப்படிண்ணே போகும்?"

என்ன மனுசன் நான் — அப்பவாச்சும் சொல்லியிருக்க வேண்டாமா?

பிப்ரவரி 9, ஞாயிறு
காலையில் பஷீரைப் போனில் கூப்பிட்டுச் சொன்னேன். கேட்டுவிட்டு, "சரி சார்" என்றார். இதுவரை அவர் என்னை சார் என்றதில்லை.

பிறகு சோமனூர். தறியை நிறுத்திவிட்டு வந்தார் பாலுசாமி. சசிதர் கட்டிலில் இருந்தான். இருவரையும் வைத்துக்கொண்டு சொன்னேன்.

"நான்தானுங்கப்பா கேட்டேன்" என்றான் சசிதர்.
"நீ கேப்ப. உனக்கு வயசு அப்படி." என் பக்கம் திரும்பினார் பாலுசாமி. "எண்ணறவரு நீங்கதானுங்களே?"

ஆமாங்க என்றேன். பாலுசாமி, "சாப்பிட்டுப்போட்டுப் போங்க" என்றார். இலை போட்டார்கள். நெய் கேட்டுக் கேட்டு ஊற்றினார்கள். என் முகத்தை யாரும் பார்க்கவில்லை. திட்டியிருந்தால் எழுந்து போயிருப்பேன்.

பிப்ரவரி 10, திங்கள்
ஏழாம் பக்கத்தில் திருத்தம் வந்தது: 94 அல்ல, 118, பிழை எங்கள் நிருபருடையது. நானே எழுதிக் கொடுத்தேன்.

ஜூன் 14, சனி
அன்னூர்ப் பக்கம் ஒரு பள்ளியில் பெண்களுக்கு பேஸ்பால் முகாம். செய்திக்குப் போனேன். சொல்லிக்கொடுப்பது சசிதர் என்று அங்கே போனபிறகுதான் தெரிந்தது. உள்ளே போகவில்லை. வேலிக்கு வெளியே நின்றேன். பழக்கதோஷம், கை கோடு போட்டுக்கொண்டிருந்தது.

மேக்னா என்ற பெண் எறிந்துகொண்டிருந்தாள். நல்ல தோள். திடீரென்று சசிதர் பந்தை வாங்கிக்கொண்டான்.
"அறுபது ஆச்சு அம்மணி. போதும்."
"இல்லவே இல்லீங்க சார்! இன்னும் இருக்குதுங்க!"
"ஆச்சுன்னா ஆச்சு. போய்த் தண்ணி குடி."

என் நோட்டில் ஐம்பத்திரண்டு.

என் கையிலிருந்த நோட்டை அந்தப் பெண் பார்த்துவிட்டாள். வேலிக்கே ஓடிவந்தாள். "நீங்க எழுதுனீங்கல்ல? எத்தனைங்க?" அவளுக்குப் பின்னால் சசிதர் நின்று என்னையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"உங்க சாரு சொல்றதுதான் கணக்கு, கண்ணு" என்றேன்.

முகத்தைச் சுளித்துக்கொண்டு குழாய்ப் பக்கம் போனாள்.